‘லேசானது’ என்று எழுதினால் எந்தக் கோட்? மதுப் பாவனைக் கோளாற்றைப் பதியும் முறை

வன்னி வைத்தியசாலை ஒன்றில் பி.எச்.ரி.யை, அதாவது விடுதி நோயாளியின் குறிப்பேடான ரிக்கெற்றைப் புரட்டினால் மது பற்றி இருப்பது பெரும்பாலும் ஒற்றை வரி. ஒன்றில் “அல்ககோல் பிளஸ்”, இன்னொன்றில் “சோஷல் ட்ரிங்கர்”, அபூர்வமாக ஒன்றில் “மதுப் பாவனைக் கோளாறு, லேசானது”. மூன்றும் மூன்று விசயம். முதல் வரி ஒரு தகவல், இரண்டாவது ஒரு அபிப்பிராயம், மூன்றாவது மட்டும்தான் நோயறிதல். மூன்றுக்கும் ஒரே கோட்டை (நோய்க்குரிய குறியீட்டை)ப் போட்டுவிட்டுப் போவதுதான் நாங்கள் அதிகம் காணும் பிழை. பதிவேட்டு அறையில் இருப்பவர்கள், கிளினிக்கில் வரலாறு எடுக்கும் மருத்துவர்கள், தாதியர், அமெரிக்கக் காப்புறுதிக் கணக்குகளுக்கு இங்கிருந்து கோட் போடப் படிக்கிறவர்கள் எல்லோருக்கும் இது பயன்படும்.

கோட் எழுத்துகளை இங்கே ஒலிப்படி எழுதியிருக்கிறோம்: எஃப், கே, ரி, வை, இசட் என்பதுபோல. பதிவேட்டில் ஆங்கிலப் பெரிய எழுத்தில்தான் போகவேண்டும். ‘ரி’யையும் ‘டி’யையும் தொலைபேசியில் மாறிக் கேட்டு எழுதுவது நடக்கிற காரியம், சொல்லிக் கேட்டதை எப்போதும் புத்தகத்தில் ஒருமுறை பாருங்கள்.

முதலில் எந்தப் புத்தகம்?

‘லேசான மதுப் பாவனைக் கோளாறு’ என்ற பெயர் டிஎஸ்எம்-5 இலிருந்து வருகிறது. அமெரிக்க உளமருத்துவச் சங்கம் 2013 இல் வெளியிட்ட கைந்நூல் அது. அதற்கு முன்பு துஷ்பிரயோகம், தங்கியிருத்தல் (மதுவுக்கு அடிமையாதல்) என்று இரண்டு நோயாக இருந்ததை ஒன்றாக்கி, லேசானது, நடுத்தரமானது, கடுமையானது என்று மூன்று படி வைத்தார்கள்.

எங்கள் அரச வைத்தியசாலைகளின் ஐ.எம்.எம்.ஆர். (விடுதி நோயாளரின் நோய், இறப்புக் கணக்கு) நிற்பது உலக சுகாதார நிறுவனத்தின் நோய்க் குறியீட்டுப் பட்டியலான ஐசிடி-10 இல். அந்தப் புத்தகத்தில் ‘லேசான மதுப் பாவனைக் கோளாறு’ என்று ஒரு வரியே கிடையாது. தேடிக் களைக்க வேண்டாம். அங்கே எஃப்10 இன் கீழ் இருப்பவை: எஃப்10.0 வெறிமயக்கம், எஃப்10.1 தீங்கு தரும் பாவனை, எஃப்10.2 தங்கியிருத்தல், எஃப்10.3 விடுபடல் நிலை (குடியை நிறுத்தியதும் உடல் படும் பாடு), எஃப்10.4 பிதற்றலோடு சேர்ந்த விடுபடல் நிலை, அதன் பிறகு மனப்பிறழ்வு, மறதி என்று 10.9 வரை போகும். ‘லேசானது’ என்பதற்குக் கிட்ட நிற்பது எஃப்10.1. கிட்ட நிற்கிறதே தவிர அதுவே இதுவல்ல. ஏன் என்று கீழே வருகிறது.

இணையத்தில் தேடினால் முதலில் வந்து விழுவது எஃப்10.10. அது அமெரிக்காவின் ஐசிடி-10-சிஎம் பதிப்பில் ‘லேசானது’ போகும் கோட், அங்கே அதன் பெயர் துஷ்பிரயோகம். அந்தப் பதிப்பு 2015 ஒக்டோபர் 1 முதல் அங்கே நடைமுறையில் இருக்கிறது, ஒவ்வொரு ஒக்டோபரிலும் புதுப்பிக்கப்படுகிறது. எஃப்10.10 இன் கடைசிச் சுழியம் ‘சிக்கல் எதுவுமில்லை’ என்று சொல்கிறது. இதைக் கொண்டுவந்து எங்கள் பதிவேட்டில் போடுவது பிழை. எஃப்10.10 விசயத்தில் அந்தப் பிழையால் பெரிய சேதம் வராது, எஃப்10.20 விசயத்தில் வரும். அமெரிக்கப் பதிப்பில் எஃப்10.20 என்றால் சிக்கலில்லாத தங்கியிருத்தல், அதாவது ஆள் இப்போதும் குடிக்கிறார். உலக சுகாதார நிறுவனத்தின் மருத்துவ விளக்கப் பதிப்பில் அதே எஃப்10.20 என்றால் தங்கியிருந்தவர் தற்போது குடிக்காமல் இருக்கிறார். ஒரே எண், நேரெதிரான பொருள். ஆகவே எந்தக் கோட்டைப் பார்த்தாலும் எந்தப் பதிப்பு என்று முதலில் கேளுங்கள்.

ஐசிடி-11 உலக அளவில் 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. அதில் மதுவுக்கு 6சி40. தீங்கு தரும் பாவனை முறை 6சி40.1, ஒரேயொரு தடவை தீங்கு வந்திருந்தால் 6சி40.0, தங்கியிருத்தல் 6சி40.2. இன்னும் தீங்கு வரவில்லை, ஆனால் குடிக்கிற முறை ஆபத்தானது என்றால் கியூஈ10.

பதினொன்றை எண்ணுவது

டிஎஸ்எம்-5 இல் பதினொரு அளவுகோல். கடந்த 12 மாதத்துக்குள் இரண்டு அல்லது மூன்று பொருந்தினால் லேசானது, நான்கு அல்லது ஐந்து என்றால் நடுத்தரமானது, ஆறும் அதற்கு மேலும் கடுமையானது. ஒன்று மட்டும் என்றால் நோயறிதலே இல்லை. எத்தனை போத்தல் என்பது இந்த எண்ணிக்கையில் வராது. கிழமைக்கு மூன்று நாள் குடிப்பவர் கடுமையான படியில் இருக்கலாம், நாள் தவறாமல் ஒரு கிளாஸ் எடுப்பவருக்கு ஒன்றுமே பொருந்தாமலும் போகலாம்.

முதல் நான்கும் கட்டுப்பாடு பற்றியவை: நினைத்ததிலும் கூடக் குடிப்பது, குறைக்கப் பார்த்து முடியாமல் போவது, குடிப்பதிலும் அதற்காக அலைவதிலும் அதிலிருந்து தெளிவதிலும் நேரம் போவது, குடிக்கவேண்டும் என்ற தீராத ஆவல். அடுத்த மூன்றும் வீடு, வேலை, ஊர்: பொறுப்பைத் தவறவிடுவது, உறவுகளோடு பிரச்சினை வந்தும் தொடர்வது, முன்பு செய்து வந்த நல்ல காரியங்களைக் கைவிடுவது. பிறகு இரண்டு ஆபத்து பற்றியவை: உயிருக்கு ஆபத்தான நிலைமைகளில் திரும்பத் திரும்பக் குடிப்பது, உடலோ மனமோ கெடுகிறது என்று தெரிந்தும் தொடர்வது. கடைசி இரண்டு உடல் காட்டுபவை: அதே வெறிக்குக் கூடுதலான அளவு தேவைப்படுவது, நிறுத்தினால் விடுபடல் குறிகள் வருவது.

வழக்கு, தண்டம் போன்றவை டிஎஸ்எம்-5 இன் அளவுகோல்களிலிருந்து நீக்கப்பட்டுவிட்டன. ஏ9 வீதியில் வெறியோடு மோட்டார் சைக்கிள் ஓடிப் பிடிபட்டு நீதிமன்றத்தில் தண்டம் கட்டியவருக்கு அந்தத் தண்டம் எண்ணிக்கையில் சேராது. ஆனால் அவர் அடிக்கடி அப்படி ஓடுகிறவர் என்றால் அது ஆபத்தான நிலைமை என்ற அளவுகோலில் சேரும். போட்டுவிட்டுப் பனையில் ஏறுவதும், லாண்ட்மாஸ்டர் ஓடுவதும், வள்ளம் தள்ளிக் கடலுக்குப் போவதும் அதில்தான் வரும்.

புத்தக வார்த்தையில் கேட்டால் புத்தகப் பதில்தான் வரும். “மது அருந்துவீர்களா?” என்றால் வன்னியில் வரும் முதல் பதில் “இல்லை”. கொஞ்சம் பொறுத்தால் “கள்ளு மட்டும்தான்” என்று தொடரும். பலருக்குக் கள்ளு குடி என்ற கணக்கில் இல்லை. உடம்புச் சூட்டுக்கு, அலுப்புக்கு. ஆகவே கள்ளு, சாராயம், பியர், கசிப்பு என்று ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லிக் கேளுங்கள். சகிப்புத்தன்மை என்று கேட்காமல் “முந்தி எவ்வளவு காணும், இப்ப எவ்வளவு வேணும்?” என்று கேளுங்கள். “முந்தி கால் போத்தல் காணும், இப்ப அரை இல்லாட்டிச் சரிவராது” என்றால் அளவுகோல் பொருந்திவிட்டது. பொறுப்புத் தவறலுக்கு “தண்ணி முறை வந்த அண்டு வயலுக்குப் போகாமல் விட்டனீங்களோ?” என்பது வேலை செய்யும். விடுபடல் குறிகளுக்கு, “ஒருநாள் இல்லாட்டி விடிய கை நடுங்குமோ, வேர்க்குமோ, நித்திரை வராதோ?” மருத்துவர் சிங்களத்தில் கேட்டு இன்னொருவர் மொழிபெயர்க்கும் இடத்தில் இந்த மூன்றும் சேர்ந்து “வீக்னஸ்” என்று ஒற்றைச் சொல்லாகிப் போவதுண்டு. மொழிபெயர்ப்பவர் நோயாளி சொன்ன வார்த்தையையே சொல்லவேண்டும்.

மருத்துவர் ‘லேசானது’ என்று மட்டும் எழுதாமல் எந்த அளவுகோல்கள் என்றும் எழுதினால் கோட் போடுபவருக்கு வேலை பாதி. “லேசானது (1, 6)” என்று எழுத எத்தனை நொடி செல்லும்?

ஒரு ரிக்கெற்றை எடுத்துப் பார்ப்போம்

பயிற்சிக்காக எழுதிய குறிப்பு இது:

“ஆண், 38, நெற்செய்கை. மேல்வயிற்று எரிவு இரண்டு கிழமை, இரத்த வாந்தி இல்லை. எட்டு மாதமாகச் சாராயம், கிழமையில் நாலு நாள், கால் போத்தல். ஒரு கிளாஸோடு நிறுத்துவதாகத் தொடங்கி முழுவதையும் முடிக்கிறார். இதனால் வீட்டில் தொடர்ந்து சண்டை, தெரிந்தும் தொடர்கிறார். அளவு கூடவில்லை. நடுக்கம், வியர்வை இல்லை. வேலை தவறவில்லை. மதுவினாலான இரைப்பை அழற்சி. மதுப் பாவனைக் கோளாறு, லேசானது.”

பொருந்துவது இரண்டு: நினைத்ததிலும் கூடக் குடிப்பது, உறவுப் பிரச்சினை வந்தும் தொடர்வது. மருத்துவரின் ‘லேசானது’ சரி. வயிறு இதனால்தான் எரிகிறது என்று இன்றுதான் அவருக்குச் சொல்லப்பட்டது. ஆகவே ‘தெரிந்தும் தொடர்வது’ இன்றைக்குச் சேராது. அடுத்த கிளினிக்குக்கும் குடித்துக்கொண்டே வந்தால் அது மூன்றாவது. அப்போதும் லேசானதுதான். அதோடு குறைக்கப் பார்த்து முடியவில்லை என்பதும் சேர்ந்தால் நான்கு, படி மாறும்.

இனி கோட். அரச வைத்தியசாலைப் பதிவேட்டில் முதன்மை நிலை கே29.2, மதுவினாலான இரைப்பை அழற்சி. அதனோடு எஃப்10.1. உடலுக்குத் தீங்கு வந்திருக்கிறது, அது மதுவால் என்று மருத்துவரே எழுதியிருக்கிறார், ஆகவே எஃப்10.1 நிற்கும். அமெரிக்கப் பதிப்பில் கே29.20 (இரத்தக் கசிவில்லை, கசிந்தால் 29.21), அதனோடு எஃப்10.10. இந்த இடத்தில் எஃப்10.188 போடவேண்டும் போலத் தோன்றும், ‘மதுவால் வந்த வேறு கோளாறு’ என்று பெயர் இருப்பதால். போடவேண்டாம். இரைப்பை, கணையம் போன்ற உடல் நோய்கள் அந்தக் கட்டத்துக்குள் வராது என்று அமெரிக்க வழிகாட்டி சொல்கிறது.

அதே ரிக்கெற்றிலிருந்து வயிற்று எரிவை எடுத்துவிடுங்கள். வீட்டுச் சண்டையும் கட்டுப்பாடில்லாத குடியும் மட்டும் மிச்சம். அமெரிக்கப் பதிப்பில் எதுவும் மாறாது, எஃப்10.10. எங்கள் ஐசிடி-10 இல் மாறும். தீங்கு தரும் பாவனை என்றால் உடலுக்கோ மனதுக்கோ தெளிவான தீங்கு வேண்டும்; மனைவியோடு சண்டை, ஊரார் ஏச்சு, பொலிஸ் பிடித்தது ஆகியவை தம்மளவில் அதற்குச் சாட்சி ஆகா என்று அதன் மருத்துவ விளக்கம் சொல்கிறது. ஆகவே மருத்துவர் வேறு தீங்கு எதுவும் எழுதாதவிடத்து இசட்72.1, மதுப் பாவனை என்ற வாழ்க்கைமுறைப் பிரச்சினை. ஆலோசனைக்கென்றே வந்தவர் என்றால் இசட்71.4. இங்கேதான் இரண்டு புத்தகமும் பிரிகின்றன, இங்கேதான் ‘லேசானது என்றால் எஃப்10.1’ என்ற சுருக்குவழி சறுக்குகிறது. ஐசிடி-11 இந்த எல்லையைத் தள்ளி வரைந்திருக்கிறது: குடிப்பவரின் நடத்தையால் மற்றவரின் உடல்நலமோ மனநலமோ கெட்டாலும் அது தீங்குதான். ஐசிடி-10 இல் இசட்டோடு போகிற அடிதடிக் குடும்பம் ஐசிடி-11 இல் 6சி40.1 ஆகலாம். அந்த மாற்றம் எங்கள் பகுதிகளுக்கு மிகவும் தேவையான ஒன்று என்பது எங்கள் எண்ணம்.

இன்னொரு திருப்பம். அதே ஆள் வெறியில் மோட்டார் சைக்கிளிலிருந்து விழுந்து கால் முறிந்து வருகிறார். முதன்மை நிலை முறிவு, எஸ்82 இன் கீழ். மோதாமல் தானாக விழுந்தது வி28. மரத்திலிருந்து விழுந்திருந்தால் டபிள்யூ14. வெறியை வை90 அல்லது வை91 காட்டும்: இரத்தத்தில் அளந்திருந்தால் வை90, அளக்காமல் மருத்துவர் பார்த்து மட்டிட்டிருந்தால் வை91. இரண்டையும் சேர்த்துப் போடக்கூடாது. வை90 இன் நாலாவது இலக்கம் 100 மி.லீ. இரத்தத்தில் எத்தனை மில்லிகிராம் என்பதைப் பொறுத்தது: 20 க்குக் கீழே .0, 80 முதல் 99 வரை .4, 120 முதல் 199 வரை .6, 240 உம் மேலும் .8. ஆய்வுகூடம் மில்லிமோல் கணக்கில் தந்தால் 4.6 ஆல் பெருக்குங்கள்.

வை91.0 இன் பெயர் ‘லேசான மது வெறி’. ‘மைல்ட்’ என்ற சொல்லைக் கண்டதும் இதைப் பாவனைக் கோளாறு என்று எடுத்து எஃப்10.1 போட்டவை எத்தனையோ. வெறி லேசாக இருப்பது ஒரு பின்னேரத்துக் கதை. கோளாறு லேசாக இருப்பது பன்னிரண்டு மாதத்துக் கதை.

எங்கே பிழைக்கிறது

வெறியோடு வந்தவர் எல்லோருக்கும் எஃப்10.1 போடுவது. வெறியும் மறுநாள் தலையிடியும் தீங்கு தரும் பாவனைக்குச் சாட்சியல்ல. வேறு நீடித்த பிரச்சினை எதுவும் இல்லையென்றால் எஃப்10.0. நீடித்த பிரச்சினை பதிவாகியிருந்தால் அதுதான் முன்னுக்கு நிற்கும்.

எஃப்10.1 ஐயும் எஃப்10.2 ஐயும் ஒரே ஆளுக்கு ஒரே வைத்தியசாலைத் தங்கலில் போடுவது. இரண்டும் எழுதப்பட்டிருந்தால் 10.2 மட்டும். அமெரிக்கப் பதிப்பிலும் இதே ஏணிதான்: பாவனையும் துஷ்பிரயோகமும் என்றால் துஷ்பிரயோகம், துஷ்பிரயோகமும் தங்கியிருத்தலும் என்றால் தங்கியிருத்தல்.

அமெரிக்கப் பதிப்பில் மது மூலமான மனச்சோர்வு எழுதியிருக்க, எஃப்10.10 ஐயும் தனியே போடுவது. அங்கே எஃப்10.14 ஒன்றே போதும், ‘லேசானது’ அதற்குள் இருக்கிறது. நித்திரைக் கோளாறு என்றால் எஃப்10.182. லேசான படியிலும் விடுபடல் குறிகள் வரலாம் என்று ஏற்று 2020 ஒக்டோபரில் எஃப்10.13 வரிசை சேர்ந்தது. பழைய பட்டியலை அச்சடித்து மேசையில் ஒட்டியிருப்பவர்களுக்கு இது இருக்காது.

கசிப்புக் குடித்துக் கண் மங்கி வந்தவரை எஃப்10 க்குள் அடக்குவது. மெதனோல் நஞ்சு என்று மருத்துவர் எழுதினால் ரி51.1, அதனோடு தற்செயல் என்றால் எக்ஸ்45.

ஓடிற் என்ற குடிப்பழக்க வினாப்படிவத்தின் புள்ளியிலிருந்து கோட் எடுப்பது பற்றிச் சற்று நின்று சொல்லவேண்டும், பொதுச் சுகாதாரப் பக்கத்தில் அந்தப் படிவம் நிறையப் புழங்குவதால். உலக சுகாதார நிறுவனத்தின் பத்துக் கேள்வி அது, மொத்தம் 40 புள்ளி. 8 இலிருந்து கவனிக்கவேண்டும், 16 இலிருந்து கூடிய ஆலோசனையும் தொடர்ந்த கண்காணிப்பும், 20 இலிருந்து தங்கியிருத்தல் உண்டா என்று முழுதாகப் பார்க்கவேண்டும். அது சல்லடை. 10 புள்ளி என்றால் லேசான கோளாறு என்று மாற்றிக் கொள்ள எந்த வாய்ப்பாடும் இல்லை. அளவுக் கேள்விகளில் ஒரு அலகு என்பது 10 கிராம் சுத்த அற்ககோல். 180 மி.லீ. கால் போத்தல் சாராயம் 33.5 வீதம் என்றால் 180 × 0.335 × 0.79, கிட்டத்தட்ட 48 கிராம், ஐந்து அலகுக்குச் சற்றுக் குறைவு. ‘ஒரு கால் அடிச்சன்’ என்பதை ஒரு அலகு என்று எழுதினால் புள்ளி அடியோடு பிழைக்கும். 500 மி.லீ. ரின் பியர் 8.8 வீதம் என்றால் சுமார் 35 கிராம், மூன்றரை அலகு. கள்ளுக்கு இப்படிக் கறாராகச் சொல்ல முடியாது. காலையில் இறக்கியது பின்னேரமாகும்போது புளித்து ஏறும். கசிப்புக்கு வீதமே தெரியாது, அளவை மட்டும் எழுதி விடுங்கள்.

மருத்துவரிடம் எப்படிக் கேட்பது

‘அல்ககோல் பிளஸ்’ என்று மட்டும் இருந்தால் கோட் போடுபவர் தானாக எண்ணக்கூடாது. வரலாற்றில் ஆறு அளவுகோல் கண்ணுக்கு முன்னால் கிடந்தாலும் நோயறிதல் எழுதவேண்டியவர் மருத்துவர். துண்டுக் கடதாசியில், “இவருக்கு எஃப்10.1 போடலாமா?” என்று கேட்டால் “ஓம்” என்று ஒப்பம் வரும், அது விடையை நீங்களே ஊட்டியது. “வரலாற்றில் கால் போத்தல், கிழமையில் நாலு நாள் என்று உள்ளது. மதுப் பாவனை பற்றிய நோயறிதல் ஏதும் உண்டா? உண்டெனில் படியும், அதனால் வந்த உடல், மனத் தீங்கும் எழுதவும்” என்று கேளுங்கள். ஆள் துண்டு வெட்டிப் போவதற்கு முன்பு கேட்பது நல்லது. போன பிறகு ரிக்கெற் கட்டுக்குள் போய்விடும், எழுதிய மருத்துவரும் இடமாற்றத்தில் போயிருப்பார்.

அமெரிக்கக் கணக்குகளில் இரத்த அற்ககோல் அளவைத் தாதியின் குறிப்பிலிருந்து எடுக்கலாம். அதற்குரிய நோயறிதல் அங்கேயும் மருத்துவரிடமிருந்துதான் வரவேண்டும்.

விட்ட பிறகு

ஆவலைத் தவிர மற்ற அளவுகோல் எதுவும் மூன்று மாதமாக இல்லை என்றால் ஆரம்பத் தணிவு, பன்னிரண்டு மாதமாக இல்லை என்றால் நீடித்த தணிவு. அமெரிக்கப் பதிப்பில் லேசான படியிலிருந்து தணிந்தால் இரண்டுக்கும் எஃப்10.11. ஆனால் ‘தணிவு’ என்ற சொல்லை மருத்துவர் எழுதியிருக்கவேண்டும். “மூண்டு மாசமா தொடேல்லை” என்று கிளினிக் கொப்பியில் நோயாளியின் வார்த்தை இருப்பது போதாது. எங்கள் ஐசிடி-10 இல் எஃப்10.1 க்குத் தணிவு என்ற உட்பிரிவு இல்லை. முழுதாக விட்டவர் வேறு நோய்க்கு வந்தால் இசட்86.4, முன்னைய பாவனை வரலாறு. ஒருமுறை எஃப்10.1 விழுந்தவருக்குக் காய்ச்சலுக்கு வந்தாலும் பழைய அட்டையைப் பார்த்து அதையே திரும்ப எழுதுவது வழக்கமாகிவிட்டது. இந்த வைத்தியசாலைத் தங்கலில் என்ன எழுதியிருக்கிறது என்பதை மட்டும் பாருங்கள்.